சந்திரபாபுவின் குரல் உடைகிற இடம்

(மூன்றாமாண்டு மாணவர், மின்னணுவியல் மற்றும் தொடர்பியல் துறை)



மலருக்குக் கட்டுரை கேட்டு வந்த பேரவைத் தோழர், "டெக்னிக்கலா ஏதாவது எழுது, இல்லேன்னா யாராவது பெரிய மனுஷன் வரலாறு எழுது" என்றார். ரெண்டும் கலந்து ஒண்ணு எழுதுறேன் என்றேன். யாரைப் பத்தி என்று கேட்டார். ஜே.பி.சந்திரபாபு என்றதும் சிரித்துவிட்டார். "காமெடி நடிகரா?"

ஆமாம், காமெடி நடிகர்தான். தொலைக்காட்சியில் பழைய நகைச்சுவைக் காட்சி ஓடும்போது, ஒல்லியாக, கோட்டுப் போட்டுக்கொண்டு, ரப்பர் மாதிரி வளைந்து ஆடுவாரே, அவரேதான். ஆனால் நான் எழுதப் போவது நடிகர் சந்திரபாபுவைப் பற்றி அல்ல, பாடகர் சந்திரபாபுவைப் பற்றி. என்னைக் கேட்டால் தமிழில் 'ப்ளூஸ்' பாடிய ஆள் அவர்தான். அந்தப் பெயரில் அவர் பாடவில்லை, கையில் கிடாரும் இல்லை. இருந்தாலும் சொல்கிறேன், ஏன் என்றும் சொல்கிறேன்.

முதலில் ப்ளூஸ் என்றால் என்ன என்று பார்த்துவிடுவோம். அமெரிக்காவில் 1865-ல் அடிமை முறை சட்டப்படி ஒழிந்தது. அதற்குப் பிறகும் தென் மாநிலங்களில் பருத்திக் காட்டிலும் ரயில் பாதையிலும் முதுகு ஒடிய வேலை செய்தவர்கள் கறுப்பின மக்கள்தான். அவர்களின் வேலைப் பாட்டிலிருந்தும் கோயில் பாட்டிலிருந்தும் பிறந்தது ப்ளூஸ். ஆங்கிலத்தில் 'ப்ளூ' என்றால் நீலம் மட்டுமல்ல, மனச்சோர்வு என்றும் பொருள். கணக்கு ரொம்ப எளிமை. ஒரு வரி பாடு, அதையே மறுபடி பாடு, மூன்றாவது வரியில் அதற்குப் பதில் சொல். பன்னிரண்டு தாளக்கட்டில் ஒரு சுற்று முடிந்துவிடும். ஸ்வரத்தில் காந்தாரத்தையும் நிஷாதத்தையும் கொஞ்சம் இறக்கி, இதுவுமில்லாமல் அதுவுமில்லாமல் நடுவில் நிறுத்துவார்கள். அந்த நடு இடத்தில்தான் வலி இருக்கிறது.

இதோடு கோயில் பாட்டின் ஆவேசத்தை இன்னும் அதிகமாகக் கலந்து 1950, 60-களில் 'சோல்' என்றொரு பாணி வந்தது. பாபி ப்ளாண்ட் (1930 - 2013), கிடார் வாசித்துக்கொண்டே பாடிய லிட்டில் மில்டன் (1934 - 2005) போன்றவர்கள் இரண்டையும் இணைத்துப் பாடினார்கள். அவர்கள் அங்கே மைக் முன்னால் நின்ற அதே ஆண்டுகளில்தான் நம் ஆள் வடபழனியில் மைக் முன்னால் நின்றார்.

ஒப்பாரியும் சோகப் பாட்டுத்தானே, அப்படியென்றால் ஒப்பாரி ப்ளூஸா என்று கேட்பீர்கள். ஒரு வித்தியாசம் உண்டு. ப்ளூஸ்காரன் தன் கஷ்டத்தைத் தானே கிண்டல் செய்வான். வேலை போச்சு, வீடு போச்சு, பெண்டாட்டி போனாள், நாயும் கூடவே போச்சு என்று பாடுவான். கேட்கிறவன் சிரிப்பான். சிரித்த பிறகுதான் உறைக்கும். இந்த இடம்தான் சந்திரபாபுவின் இடம்.

1927 ஆகஸ்ட் மாதத்தை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள். அந்த மாதம் 4-ந்தேதி அமெரிக்காவில் பிரிஸ்டல் என்ற ஊரில் ஜிம்மி ராட்ஜர்ஸ் என்பவர் முதன்முதலாக இசைத்தட்டுக்குப் பாடினார். மிசிசிப்பிக்காரர், வெள்ளைக்காரர், ரயிலில் பிரேக்மேன் வேலை பார்த்தவர். காசநோயால் அந்த வேலையை விட்டவர். ரயில் பாதையில் கூட வேலை செய்த கறுப்பினத் தொழிலாளிகளிடமிருந்து கற்ற ப்ளூஸை, மலைநாட்டு இடையர்களின் 'யோடலிங்' என்ற கூவலோடு சேர்த்து, கிடாரை மீட்டிக்கொண்டு பாடினார். அதற்கு 'ப்ளூ யோடல்' என்றே பெயர் வந்தது. 1930-ல் ஒரு ப்ளூ யோடல் பாட்டுக்கு லூயி ஆம்ஸ்ட்ராங் ட்ரம்பெட் வாசித்திருக்கிறார். 1933 மே மாதம் நியூயார்க்கில் ராட்ஜர்ஸின் கடைசி ஒலிப்பதிவு. ஒரு பாட்டு முடிந்ததும் கட்டிலில் படுத்து ஓய்வு, பிறகு எழுந்து அடுத்த பாட்டு என்று பாடி முடித்தார். இரண்டு நாளில் இறந்துபோனார். வயது 35.

அதே 1927 ஆகஸ்டில் நம் தூத்துக்குடியில் ஒரு கத்தோலிக்கப் பரவர் குடும்பத்தில் ஒரு பையன் பிறந்தான். ஜோசப் பனிமயதாஸ் ரோட்ரிக்ஸ். ஆகஸ்ட் 5-ந்தேதி பனிமய மாதா கோயில் திருவிழா, அந்த மாதாவின் பெயர்தான் பையனுக்கு. வீட்டில் பாபு. அப்பா சுதந்திரப் போராட்டக்காரர். குடும்பம் கொழும்புக்குப் போக வேண்டியதாயிற்று. கடல் தாண்டிப் போன இடத்தில்தான் பையன் படித்தான். ஆங்கிலப் பாட்டு, மேல்நாட்டு நடனம் எல்லாம் அங்கே பழகியவைதான். 1943 வாக்கில் குடும்பம் சென்னைக்குத் திரும்பியது. திருவல்லிக்கேணி வாசம்.

பாபு சந்திரபாபு ஆனார். சினிமா ஆசை. முதல் படம் 'தன அமராவதி' 1947-ல் வந்தது. அதற்குப் பிறகு வாய்ப்பே இல்லை. ஸ்டுடியோ ஸ்டுடியோவாக அலைந்தார். நம்மில் பலருடைய அண்ணன்மார் பயோடேட்டாவைப் பிளாஸ்டிக் உறையில் போட்டுக்கொண்டு கிண்டிக்கும் அம்பத்தூருக்கும் அலைகிறார்களே, அதே அலைச்சல்தான். ஜெமினி ஸ்டுடியோவில் எஸ்.எஸ்.வாசனைப் பார்த்துவிட்டால் போதும் என்று நம்பினார். பார்க்க முடியவில்லை. மனம் உடைந்து அந்த ஸ்டுடியோவுக்குள்ளேயே உயிரை விடத் துணிந்தார். காப்பாற்றிவிட்டார்கள். தற்கொலை முயற்சி அப்போது குற்றம், ஆகவே கோர்ட்டுக்குக் கொண்டு போனார்கள். அங்கே தீக்குச்சியைக் கிழித்துத் தன் கையிலேயே சுட்டுக்கொண்டு, நெருப்பு உங்கள் கண்ணுக்குத் தெரியும், சூடு எனக்குத்தான் தெரியும் என்ற அர்த்தத்தில் நீதிபதிக்குப் பதில் சொன்னார் என்று அவரைப் பற்றி எழுதியவர்கள் எல்லோரும் சொல்கிறார்கள். பிறகு அதே ஜெமினியின் 'மூன்று பிள்ளைகள்' (1952) படத்தில் இடம் கிடைத்தது.

அந்த ஸ்டுடியோ இன்று இல்லை. மேம்பாலத்தின் பெயரில் மட்டும் இருக்கிறது. கண்டக்டர் "ஜெமினி, ஜெமினி இறங்கு" என்று கத்தும்போது எனக்கு இந்தத் தீக்குச்சி ஞாபகம்தான் வரும்.

இப்போது நம்ம துறைக்கு வருகிறேன்.

யோடலிங் என்றால் என்ன? நம் தொண்டையில் குரல்நாண்கள் இரண்டு இருக்கின்றன. சாதாரணமாகப் பேசும்போது அவை தடித்து, முழுசாக அதிரும். இதை நெஞ்சுக்குரல் என்கிறார்கள். மேல் ஸ்தாயிக்குப் போகும்போது ஒரு கட்டத்துக்கு மேல் அப்படி அதிர முடியாது. நாண்கள் நீண்டு மெலிந்து, ஓரம் மட்டும் அதிரும். இது தலைக்குரல், பொய்க்குரல் என்றும் சொல்வார்கள். ஆண்களுக்கு இந்த மாற்றம் ஏறக்குறைய 300 ஹெர்ட்ஸுக்குக் கொஞ்சம் மேலே நடக்கும். அந்த எல்லையைத் தாண்டும்போது குரல் 'டக்'கென்று உடையும். பத்தாவது படிக்கும்போது நம் எல்லோருக்கும் உடைந்ததே, வகுப்பே சிரித்ததே, அதே உடைசல்தான்.

முறையாகப் பாட்டுக் கற்றவர்கள் எல்லோரும் இந்த உடைசல் வெளியே தெரியாமல் பாடப் பழகுகிறார்கள். கமகத்தில் ஒரு ஸ்வரத்திலிருந்து இன்னொன்றுக்கு வழுக்கிப் போவார்கள், இடையில் வெட்டு இருக்காது. நம் பாஷையில் சொன்னால் கமகம் பொட்டென்ஷியோமீட்டர், திருகத் திருக ஒரே சீராக ஏறும். யோடலிங் ஸ்விட்ச். ஆன், ஆஃப். நடுவில் ஒன்றும் கிடையாது. மெக்கானிக்கல் நண்பர்களுக்காக இன்னொரு உதாரணம். நல்ல டிரைவர் கியர் மாற்றினால் பயணிக்குத் தெரியாது. யோடலிங் பாடுகிறவன் கியர் மாற்றும் சத்தத்தையே வேண்டுமென்று கேட்க வைக்கிறான், தாளத்தோடு.

இதைக் கண்ணால் பார்க்க ஆசைப்பட்டு எங்கள் லேபில் ஒரு வேலை செய்தோம். ஒரு கண்டென்சர் மைக், சின்ன ஆம்ப்ளிஃபயர், அதிலிருந்து சி.ஆர்.ஓ. கூடப் படிக்கிற பட்டினப்பாக்கம் நண்பன் ஒருவன் நன்றாகக் கானா பாடுவான், யோடலிங்கும் வரும். அவனை மைக் முன்னால் நிறுத்தினோம். லேப் அண்ணன், "டேய், பிரின்சிபால் வந்தா நான் தெரியாதுன்னு சொல்லிடுவேன்" என்று சொல்லிவிட்டு அவரும் வந்து நின்றுகொண்டார். நெஞ்சுக்குரலில் பாடியபோது திரையில் வந்த அலை முள்ளும் கரடுமாக இருந்தது. ஹார்மோனிக்ஸ் நிறைய இருப்பதால் அப்படி. தலைக்குரலுக்குத் தாவினான் பாருங்கள், அலை சட்டென்று மழமழவென்று ஆகிவிட்டது, கிட்டத்தட்ட சைன் வேவ்! நாண்களின் ஓரம் மட்டும் அதிரும்போது மேல் ஹார்மோனிக்ஸ் குறைந்துவிடுகிறது. புத்தகத்தில் ஒரு பாராவாகப் படித்தது திரையில் பச்சையாகத் துள்ளியது. உடைகிற அந்தக் கணத்தில் மட்டும் டிரிகர் பிடிக்காமல் படம் ஓடியது. எவ்வளவு திருகியும் அந்தக் கணத்தை நிறுத்த முடியவில்லை.

தமிழ் சினிமாவில் இந்த யோடலிங்கைக் கொண்டு வந்து நிறுத்தியவர் சந்திரபாபு. இந்தியில் கிஷோர் குமார் இதற்குப் பேர் போனவர். இரண்டு பேரும் நடிகர்கள், இரண்டு பேரும் தங்கள் பாட்டைத் தாங்களே பாடியவர்கள். இது சும்மா பொருந்திப் போனது அல்ல என்று நினைக்கிறேன்.

ஏனென்றால் 1950-களில் பின்னணிப் பாடல் முறை முழுதாக வேரூன்றிவிட்டது. அதற்கு முன்பு பாகவதர், சின்னப்பா காலத்தில் பாட்டு வந்தால்தான் நடிகன். பிறகு நடிக்கிறவர் வேறு, பாடுகிறவர் வேறு. வாயசைப்பு ஒருவர், குரல் இன்னொருவர். இது ஒரு வேலைப் பிரிவினை, தொழிற்சாலை அசெம்ப்ளி லைன் மாதிரி. தவறில்லை. டி.எம்.எஸ். போன்ற மகா கலைஞர்கள் இந்த முறையால்தான் நமக்குக் கிடைத்தார்கள். ஆனால் சந்திரபாபு அந்த லைனில் நிற்கவில்லை. தன் பாட்டுக்குத் தன் குரல்தான். 'பெண்' (1954) படத்தில் வீணை எஸ்.பாலச்சந்தருக்குக் குரல் கொடுத்திருக்கிறார், கேட்டுப் பாருங்கள். பாட்டு வேறொருவர் வாயில் வந்தாலும் ஆள் யார் என்று இரண்டே விநாடியில் தெரிந்துவிடுகிறது. இரவல் கொடுத்தாலும் ஒளிந்துகொள்ளத் தெரியாத குரல் அது.

அந்தக் கால ஒலிப்பதிவையும் நினைத்துக்கொள்ள வேண்டும். இப்போது போல வரி வரியாகப் பாடி, கம்ப்யூட்டரில் ஒட்டி, சுருதி திருத்துவது எல்லாம் கிடையாது. பாடகரும் வாத்தியக்காரர்கள் அத்தனை பேரும் ஒரே அறையில், ஒரே நேரத்தில். ஒருவர் தவறினால் எல்லோரும் முதலிலிருந்து. அந்த நெருக்கடியில் ஒரு மனிதன் வேண்டுமென்றே தன் குரலை உடைத்து, உடைத்த இடத்தில் சரியாகத் தாளத்தில் விழுந்து, உடனே பழைய குரலுக்கு வருகிறான் என்றால் அதைக் கோமாளித்தனம் என்று தள்ளிவிட முடியாது. சர்க்கஸில் கம்பி மேல் நடக்கிறவனும் பஃபூன் வேஷம் போடுவது உண்டு.

'குமாரி' (1952), 'மாமன் மகள்' (1955), 'மணமகன் தேவை' (1957), 'புதையல்' (1957), 'மரகதம்' (1959) என்று பாட்டுகள் வரிசையாக வந்தன. படத்தை மறந்தவர்களும் பாட்டை மறக்கவில்லை. 'புதையல்' பாட்டை எழுதியவர் பட்டுக்கோட்டை கல்யாணசுந்தரம், இசை விஸ்வநாதன் - ராமமூர்த்தி. காதலிக்காக என்னென்ன செய்வேன் என்று ஒருவன் பட்டியல் போடுகிறான். எழுத்தில் படித்தால் வேடிக்கை. அவர் குரலில் கேட்டால், இவ்வளவு செய்தும் அவள் வரமாட்டாளோ என்ற பயம் அடியில் ஓடுகிறது.

'சகோதரி' (1959) படத்தின் கதை இன்னும் சுவாரசியம். எடுத்த படம் கொஞ்சம் சோர்வாக இருக்கிறது என்று ஏவி.எம். செட்டியாருக்குத் தோன்ற, பிற்பாடு சந்திரபாபுவின் பால்காரர் பகுதியைச் சேர்த்தார்கள். அந்த இடைச்செருகலில் வந்த பாட்டில், தன்னை முட்டாள் என்று தானே அறிமுகம் செய்துகொள்கிறார் நாயகன். 'அன்னை' (1962) படத்தில் அறிவுக்கும் வெற்றிக்கும் சம்பந்தமே இல்லை என்று கணக்குப் போடுகிற பாட்டு. 'ஆண்டவன் கட்டளை' (1964) படத்தில் உலகத்தைப் பார்த்துச் சிரிக்கிற பாட்டு. இவற்றை வரிசையாகப் போட்டுக் கேளுங்கள். தோற்றவன் ஒருவன், தன் தோல்வியை எடுத்து மேசை மேல் வைத்து, உங்களையும் பார்க்கச் சொல்லிச் சிரிக்கிறான். மிசிசிப்பியில் இதற்குப் பெயர் ப்ளூஸ். கோடம்பாக்கத்தில் இதற்குப் பெயர் காமெடிப் பாட்டு!

எங்கள் ஆயா மயிலாப்பூர் குளத்தோரம் பூ விற்றவர். அவருக்கு எழுதப் படிக்க வராது, ப்ளூஸும் தெரியாது. டீக்கடை ரேடியோவில் சிலோன் ஸ்டேஷன் வைக்கும்போது சந்திரபாபு பாட்டு வந்தால் பூக் கட்டுகிற கை நின்றுவிடுமாம். ஏன் ஆயா, சிரிப்புப் பாட்டுத்தானே என்று கேட்டேன். "சிரிப்பா? அது அழுவுறதுக்கு வெக்கப்பட்டு சிரிக்கிற பாட்டு கண்ணு" என்றார். நான் மேலே நாலு பாராவில் எழுதியதை ஆயா ஒரு வரியில் முடித்துவிட்டார்.

இன்னொரு விஷயமும் நான் சொல்லியே ஆக வேண்டும். 'சபாஷ் மீனா' (1958). பி.ஆர்.பந்துலு படம், கதாநாயகன் சிவாஜி. சந்திரபாபுவுக்கு இரட்டை வேடம், அதில் ஒன்று ரிக்ஷாக்காரர். தூத்துக்குடியில் பிறந்து கொழும்பில் படித்த ஆள், மெட்ராஸ் பாஷையைப் பேசுகிறார் பாருங்கள், நம் தெருவில் பிறந்தவன் தோற்றுவிடுவான். திருவல்லிக்கேணியில் காதைத் திறந்து வைத்துக்கொண்டு வாழ்ந்தவர் போலிருக்கிறது. அந்தப் பாஷையைக் கேலி செய்யவில்லை, அதில் வாழ்ந்தார். கேலி செய்வதற்கும் வாழ்வதற்கும் உள்ள வித்தியாசம் அந்தப் பாஷை பேசுகிறவர்களுக்கு உடனே தெரிந்துவிடும்.

இதை ஏன் அழுத்திச் சொல்கிறேன் என்றால், நான் எங்கள் வீட்டில் முதல் படிப்பாளி. அப்பா லோடு ஆட்டோ ஓட்டுகிறார், அம்மா மந்தைவெளியில் நான்கு வீடுகளில் வேலை செய்கிறார். எங்கள் வீட்டு பாஷைதான் ஆயா பாஷை, மேலே நீங்கள் படித்தது. போன ஆண்டு ஒரு கம்பெனி நேர்முகத் தேர்வில் என்னிடம் டிரான்சிஸ்டர் பயாசிங் பற்றிக் கேட்டார்கள், சரியாகச் சொன்னேன். கடைசியில் ஒருவர், "ஆன்சர் ஓகே தம்பி, ஆனா வாயைத் திறந்தா ஏரியா தெரியுது, அதை மொதல்ல மாத்து" என்றார். சி.ஆர்.ஓ. முன்னால் பாடினானே நண்பன், அவன் ஒரு கலைப் போட்டிக்குப் போனான். "குரல் உடையுது, சினிமா மெலடி ஏதாவது பாடு" என்று உட்கார வைத்துவிட்டார்கள். உடைவதுதான் அந்தப் பாட்டு என்று அவனுக்குச் சொல்லத் தெரியவில்லை. எனக்கும் அப்போது சந்திரபாபுவைப் பற்றி இவ்வளவு தெரியாது. தெரிந்திருந்தால் சொல்லியிருப்பேன்.

இனி அவருடைய இறக்கத்தைச் சொல்ல வேண்டும். பெரியவர்கள் இந்தப் பகுதியை மட்டும் எடுத்துக்கொண்டு, "திமிரால அழிஞ்சான், குடியால அழிஞ்சான், பாத்துக்கோ" என்று பையன்களுக்குப் பாடம் நடத்துகிறார்கள். குடித்தது உண்மை. யாராக இருந்தாலும் முகத்துக்கு நேரே மனதில் பட்டதைச் சொல்லிவிடுவார் என்பதும் உண்மை. டெல்லியில் குடியரசுத் தலைவர் ராதாகிருஷ்ணன் முன்னால் பாடி, அவர் ரசித்ததைப் பார்த்துச் சந்தோஷத்தில் அவர் மடியிலேயே உட்கார்ந்துவிட்டார் என்றொரு கதை பிரசித்தம். பெரிய இடம், சின்ன இடம் என்ற பயமே இல்லாத ஆள். நான் என்ன நினைக்கிறேன் என்றால், தூத்துக்குடிக் கடற்கரையிலிருந்து வந்த ஒரு பையன் அப்படி நிமிர்ந்து உட்கார்ந்ததுதான் பலருக்குத் திமிராகத் தெரிந்திருக்கும்.

அது கிடக்கட்டும், கணக்கைப் பாருங்கள். 1960-ல் கண்ணதாசன் தயாரித்த 'கவலை இல்லாத மனிதன்' படத்தில் சந்திரபாபுதான் நாயகன். படம் ஓடவில்லை. கவலை கண்ணதாசனுக்கு வந்தது, சந்திரபாபு ஒத்துழைக்கவில்லை என்று அவர் வருத்தப்பட்டு எழுதினார். இதில் சந்திரபாபு பக்கம் பேச எனக்கு ஒன்றுமில்லை. அதற்குப் பிறகு எம்.ஜி.ஆரை வைத்து 'மாடி வீட்டு ஏழை' என்று சொந்தமாக ஒரு படம் ஆரம்பித்தார். பாதியில் நின்றுபோனது. போட்ட பணமும் வாங்கிய கடனும் தலையில் இறங்கின. கேசவப்பெருமாள்புரத்தில், கார் நேராக மாடிக்கே ஏறிப் போகிற மாதிரி ஒரு வீடு கட்டிக்கொண்டிருந்தார். அந்த வீடும் கையை விட்டுப் போயிற்று. தலைப்பைப் பாருங்கள், மாடி வீட்டு ஏழை! நாமாகக் கதை எழுதினால் இவ்வளவு பொருத்தமாக வைக்க மாட்டோம், ஆசிரியர் அடித்துவிடுவார். 1966-ல் 'தட்டுங்கள் திறக்கப்படும்' என்று தானே கதை எழுதி, இயக்கி, நடித்தார். பைபிள் வசனம்தான் தலைப்பு. திறக்கவில்லை. கல்யாண வாழ்க்கை அதற்கு முன்பே முறிந்திருந்தது. மனைவியின் மனம் வேறொருவரிடம் இருப்பது தெரிந்து, அவர் விருப்பப்படியே அனுப்பி வைத்தவர் இவர்.

பின்னால் 'அடிமைப் பெண்' (1969) போன்ற படங்களில் சின்னச் சின்ன வேடம். நம்மைப் போன்ற வீடுகளில் எல்லோருக்கும் தெரிந்த கணக்கு இது. நன்றாகச் சம்பாதிக்கிற காலத்தில் எல்லாம் நன்றாகத்தான் இருக்கும். விழுந்தால் பிடிக்க ஒரு வலை வேண்டும். சொத்துள்ள தயாரிப்பாளருக்கு ஒரு படம் போனால் இன்னொரு படம் எடுக்கலாம். தனி ஆளாக வந்தவனுக்கு ஒரு படம் போனால் வீடு போகும். குடியைப் பற்றிப் பேசுகிற அளவுக்கு இதைப் பற்றி யாரும் பேசுவதில்லை.

கடைசிக் காலத்தில் அவருக்குப் பக்கத்தில் இருந்தவர் எம்.எஸ்.விஸ்வநாதன். எத்தனையோ பாட்டுக்கு அவருடைய உடைந்த குரலைச் சரியான இடத்தில் வாங்கி வைத்தவர் அவர்தானே. 1974 மார்ச் 8-ந்தேதி சந்திரபாபு இறந்தார். வயது 46. சாந்தோமில் இருந்த விஸ்வநாதன் வீட்டு வாசலில் தன் உடலை வைத்து எடுத்துப் போக வேண்டும் என்று அவர் ஆசைப்பட்டார் என்பார்கள். சாந்தோம் பக்கம், அடையாறு கடலில் சேர்கிற முகத்துவாரத்தை ஒட்டிய குவிபிள் ஐலண்ட் கல்லறைத் தோட்டத்தில் அடக்கம் செய்தார்கள்.

நம் மாணவர்கள் எத்தனை பேர் தினமும் பட்டினப்பாக்கம் வழியாகப் பஸ்ஸில் போகிறீர்கள், அந்த மதில் சுவரைப் பார்த்திருப்பீர்கள். நவம்பர் 2-ந்தேதி கல்லறைத் திருநாள். அன்றைக்கு மாலையில் குடும்பம் குடும்பமாக வந்து கல்லறைகளைக் கழுவி, பூப் போட்டு, மெழுகுவத்தி ஏற்றுவார்கள். என் நண்பனின் தாத்தாவும் அங்கேதான் இருக்கிறார். போன நவம்பரில் அவனோடு நானும் போனேன். தாத்தாவுக்கு ஏற்றியது போக ஒரு மெழுகுவத்தி மிச்சம் இருந்தது. ஆயா கட்டிக் கொடுத்த கதம்பமும் ஒரு முழம் இருந்தது. நண்பன் வேலையெல்லாம் முடித்துவிட்டு, சுற்றும் முற்றும் பார்த்து, மெதுவாக ஒரே ஒருமுறை யோடலிங் செய்தான். பக்கத்துக் கல்லறையில் பூ வைத்துக்கொண்டிருந்த வயசான அம்மா திரும்பிப் பார்த்தார். திட்டப் போகிறார் என்று நினைத்தோம். "இன்னொருக்கா பாடுப்பா" என்றார்.